ஹேயிக்கா வளர்த்த கெத்கி

ஹேயிக்கா என் கொழுந்தன். கெட்டவன் இல்லை. இதை முதலிலேயே சொல்லிவிடுகிறேன். கடற்கரைப் பக்கம் இன்னும் சிலர் அவனைப் பற்றி வாய்க்கு வந்ததைப் பேசிக்கொண்டு திரிகிறார்கள். பேசுகிறவர்களில் பாதிப் பேர் அவனை நேரில் பார்த்ததுகூட இல்லை. நான் பதினான்கு வருஷம் அவனுக்குக் காபி ஊற்றிக் கொடுத்தவள்.

என் கணவர் நீலாஸுக்கு ஆறு வயது இளையவன். கல்யாணம் ஆகவில்லை. கேட்டால் சிரித்துவிட்டு அடுப்பில் விறகு தள்ளுவான். வடக்கே பனி தேசத்தில் மான் மேய்த்துப் பிழைக்கிறவர்கள் நாங்கள்; அவனுக்கு எழுபது பனிமான்கள் இருந்தால் அதிகம். கயிறு வீசினால் மான் கொம்பில் விழாது, பக்கத்தில் நிற்பவன் தொப்பியில்தான் விழும். கன்றுகளுக்குக் காது அறுத்துக் குறி போடும் நாளில் அவன் கயிற்றைக் கையில் எடுத்தாலே எல்லோரும் குனிந்துகொள்வார்கள். அவனும் சேர்ந்து சிரிப்பான்.

ஆனால் ஒரு வேலையில் அவனை அடித்துக்கொள்ள ஆள் கிடையாது. காயடித்த முரட்டுக் கிடாவைச் சறுக்குவண்டிக்குப் பழக்குவது. மற்றவர்கள் இழுத்து, உதைபட்டு, உதைத்து, ஒரு மாதம் மல்லுக்கட்டுவார்கள். ஹேயிக்கா மானைக் கட்டிவிட்டுப் பக்கத்தில் சும்மா நிற்பான். ஒரு நாள், இரண்டு நாள். அங்கேயே பனியில் மூத்திரம் பெய்து வைப்பான். அந்த உப்புக்கு மான் தானாகக் கிட்டே வரும். கழுத்தில் மணியைக் கட்டி, பாசித் தீனி கொடுக்கும்போதெல்லாம் அதை ஆட்டுவான். மணி கேட்டால் தீனி வரும், பயப்பட ஒன்றுமில்லை என்று அதன் மண்டையில் ஏறிவிடும். பத்தாம் நாள் அது அவன் பின்னால் குழந்தை மாதிரி நடக்கும். எங்கள் கூட்டத்தில் மந்தைக்கு முன்னே போகிற மணிமான்கள் எட்டும் அவன் பழக்கியவைதான்.

மானுக்குச் சரிப்பட்டது எல்லாவற்றுக்கும் சரிப்படும் என்று நினைத்தான். அவனை மட்டும் என்ன சொல்ல, நாங்களும் அப்படித்தான் நினைத்தோம்.

பனியில் ஓடும் மோட்டார் வண்டிகள் எங்கள் பக்கம் வராத காலம் அது. ஏப்ரல் மாதம். நீலாஸும் ஹேயிக்காவும் ஒரு கெத்கியின் தடத்தைப் பிடித்து மலைச்சரிவில் அதன் வளை வரை போனார்கள். வெளியூர்க்காரர்கள் அதை வால்வரின் என்பார்கள். நாய் அளவுதான் இருக்கும், கரடியின் உடம்பு, அகலமான பாதம். மான் பனியில் வயிறு வரை புதைந்து திணறும்போது இது மேலாகவே ஓடி வந்து முதுகில் ஏறிப் பிடரியைக் கவ்வும். பசிக்குக் கொன்றால் போகட்டும் என்று விடலாம். ஒன்றைத் தின்றுவிட்டு நான்கைக் கொன்று, தலைகளைத் தனியாகக் கடித்து எடுத்துப் பனிக்குள் ஒளித்துவைக்கிற சனியன் அது. கெத்கியைக் கொன்றவனுக்கு எங்கள் பக்கம் எந்தக் கூடாரத்திலும் கொழுத்த எலும்போடு விருந்து கிடைக்கும்.

தாயை நீலாஸ் சுட்டார். வளைக்குள் வெள்ளை வெளேரென்று இரண்டு குட்டிகள். ஒன்றைத் தடியால் முடித்துவிட்டு அடுத்ததற்குத் திரும்பினால் அதைக் காணோம். ஹேயிக்காவின் தோல் அங்கிக்குள் ஏதோ நெளிந்தது.

"டேய், எடுறா வெளிய."

"வேண்டாண்ணே. விரலச் சப்புது பாரு."

"நாளைக்கு விரலையே தின்னும். எடு."

"நான் வளத்துக்கிறேன்."

அண்ணன் தம்பி இருவரும் அன்று குட்டியோடுதான் திரும்பி வந்தார்கள்.

விஷயம் கூட்டத்துக்குப் போனது. எங்கள் கூட்டம் ஆறு குடும்பம். மிஹ்கல் மாமாதான் பெரியவர். மந்தை எப்போது கிளம்ப வேண்டும், எங்கே நிற்க வேண்டும் என்பதெல்லாம் அவர் சொல்வதுதான். அவர் கூடாரத்தில் எல்லோரும் காபியோடு உட்கார்ந்திருந்தோம். ஹேயிக்காவின் மடியில் குட்டி தூங்கிக்கொண்டிருந்தது.

"என்னப்பா, பாலும் நீயேதான் குடுக்கப் போறியா?" என்றான் மாமாவின் மகன் யோவ்னா. கூடாரமே சிரித்தது.

"பழக்கிடுவேன் மாமா. எத்தன கிடாவப் பழக்கிருக்கேன்," என்றான் ஹேயிக்கா.

மிஹ்கல் மாமா சிரிக்கவில்லை. "மானுக்குக் கூட்டம் வேணும். தனியா நின்னா அதுக்கு உயிரே போயிரும். அதனால ஒனக்குப் பழகுது. இதுக்கு யாரு வேணும், சொல்லு?"

"இதுக்கு இப்ப நான் வேணும்."

"இப்ப."

மாமா கோப்பையைக் கீழே வைத்தார். பிறகு சொன்னார். "அடுத்த வசந்தத்துல மந்தை ஆத்தத் தாண்டற வரைக்கும் பாக்கலாம். நடுவுல ஒரே ஒரு மானத் தொட்டாலும் நீயே அதச் சுடணும். முடியாதுன்னா ஒன் எழுபதையும் ஓட்டிக்கிட்டுத் தனியாப் போயிரு."

தனியாகப் போவது என்றால் என்ன என்று எங்களுக்குத் தெரியும். ஒற்றை ஆள் மந்தையைக் காக்க முடியாது. ஓநாய் கொஞ்சம், பனி கொஞ்சம், பக்கத்துக் கூட்டம் கொஞ்சம் என்று இரண்டு வருஷத்தில் கரைந்துபோகும். அப்புறம் கடற்கரையில் யாரிடமாவது கூலிக்கு நிற்க வேண்டியதுதான். மான் இல்லாதவனை எங்கள் ஆட்கள் ஒரு மாதிரியாகப் பார்ப்பார்கள்.

"அவன் எங்கிட்டு சுடப் போறான்? சுட்டேன்னு சொல்லிட்டு ஒளிச்சு வெப்பான்," என்றான் யோவ்னா.

அவனுடைய இளிப்பைப் பார்த்து எனக்குக் கோபம் ஏறிவிட்டது. "அப்பிடி ஏமாத்தினான்னா நானே வந்து சொல்றேன். நான் பொறுப்பு. போதுமா?" என்றேன். நீலாஸ் என் முழங்கையைக் கிள்ளினார். வாயைக் கொடுத்தாயிற்று, அப்புறம் கிள்ளி என்ன பயன்?

அந்த வருஷம் மாதிரி ஹேயிக்கா சந்தோஷமாக இருந்து நான் பார்த்ததில்லை. அதையும் சொல்லத்தான் வேண்டும். வாயே திறக்காதவன் நாள் முழுக்கப் பேசினான். கெத்கி அவன் பனிச்சறுக்குக் கட்டைகளின் பின்னால் ஓடி, முதுகில் தாவி, தொப்பியைப் பிடுங்கிக்கொண்டு மரத்தில் ஏறும். "இறங்குடா திருட்டுப் பயலே," என்று இவன் கீழே நின்று கத்துவான். இரவில் அவன் கம்பளிக்குள் தலையை நுழைத்துக்கொண்டு தூங்கும். என்னிடமும் பழகிற்று. எலும்பை உடைத்து மஜ்ஜையை நீட்டினால் பல்லே படாமல் நக்கி எடுக்கும். நான் கொஞ்சியிருக்கிறேன். பொய் சொல்ல மாட்டேன், என் பிள்ளைகள் மூவரும் கொஞ்சியிருக்கிறார்கள்.

எங்கள் நாய் சாஹ்பே மட்டும் கொஞ்சவில்லை. கெத்கி வந்த மூன்றாம் மாதத்திலிருந்து சாஹ்பே கூடாரத்துக்குள் தூங்குவதை நிறுத்திவிட்டது. குரைப்பதும் குறைந்துபோனது. பனிப்புயலில்கூட வெளியே சுருண்டு கிடக்கும். கூப்பிட்டால் வராது. கூடார வாசலையே பார்த்துக்கொண்டிருக்கும்.

மானோடு கெத்கியைப் பழக்க ஹேயிக்கா பழைய வழியையே எடுத்தான். மணி கட்டிய கிழட்டுக் கிடா ஒன்று அவனிடம் இருந்தது. தினமும் அதன் பக்கத்தில் நின்று, கழுத்து மணியை ஆட்டி, கெத்கிக்கு இறைச்சி போடுவான். மணிச் சத்தம் கேட்டால் எங்கிருந்தாலும் ஓடி வந்துவிடும். கிடாவின் காலடியிலேயே உட்கார்ந்து தின்னும். கிடாவும் பயப்படாமல் நிற்கும். பார்க்க எவ்வளவு அழகாக இருந்தது! யோவ்னாகூட வந்து பார்த்துவிட்டு வாயைப் பிளந்தான்.

"பாத்தீங்களா அண்ணி? வயிறு எப்பவும் நெறஞ்சிருந்தா அது எதுக்கு மானத் தொடப்போகுது? மணின்னா சோறு, மான்னா சிநேகிதம். அவ்வளவுதான்."

"கெட்டிக்காரன்டா நீ," என்றேன். மனதாரத்தான் சொன்னேன்.

குளிர்காலம் முற்றியபோது ஒன்றைக் கவனித்தேன். கொடுத்த இறைச்சியை அது தின்பது குறைந்துவிட்டது. வாயில் கவ்விக்கொண்டு போய் எங்கேயோ புதைத்துவிட்டுத் திரும்பி வரும். மறுபடி உட்காரும். ஆனால் இப்போது இறைச்சி இருக்கும் கையைப் பார்ப்பதில்லை. கிடாவின் கழுத்தைப் பார்க்கும். இமைக்காமல் அண்ணாந்து பார்த்துக்கொண்டே இருக்கும். "என்னடா அப்பிடிப் பாக்குது?" என்று கேட்டேன். "மணியப் பாக்குது அண்ணி," என்று சிரித்தான். மறுபடி கேட்க வாயெடுத்தேன். ஆனால் காபி பொங்கி வழிந்தது, அதைப் பார்க்கப் போய்விட்டேன்.

ஏப்ரல் கடைசியில் மந்தை கிளம்பியது. வயிற்றுக் கன்றோடு பெட்டை மான்கள் கடற்கரைப் புல்வெளிக்குப் போக வேண்டும். வழியில் பெரிய ஆறு. உறைபனி உடைவதற்கு முன் தாண்டியாக வேண்டும். தாண்டாவிட்டால் கன்றுகள் இந்தக் கரையிலேயே பிறக்கும், பிறகு வெள்ளத்தில் நீந்த வேண்டும், பாதி போய்விடும். ஆயிரத்து இருநூறு மான்களைப் பனிக்கட்டி மேல் இறக்குவது யாராலும் ஆகாது. மணிமான் முன்னால் போனால்தான் மந்தை பின்னால் வரும்.

ஆற்றுக்கு மூன்று நாள் தூரத்தில் தங்கியபோது முதல் மணிமான் செத்தது. காலையில் நீலாஸ்தான் பார்த்தார். பிடரி கிழிந்திருந்தது. தலை இல்லை.

"காட்டுக் கெத்கிண்ணே. நம்மளது எங்கூடத்தான் படுத்திருந்துச்சு," என்றான் ஹேயிக்கா. அவன் பொய் சொல்லவில்லை, படுக்கும்போது கூடத்தான் இருந்தது. பனியின் மேல்தோல் கல்லாக இறுகியிருந்ததால் தடம் எதுவும் விழவில்லை. மிஹ்கல் மாமா குனிந்து பார்த்துவிட்டு நடந்தார்.

மறுநாள் மூன்று. அடுத்த நாள் இரண்டு, அதில் ஒன்று ஹேயிக்காவின் கிழட்டுக் கிடா. எல்லாவற்றுக்கும் தலை இல்லை. ஆயிரத்து இருநூறு மான்கள் சுற்றிலும் நிற்கின்றன, கால் நொண்டி, வயிறு பெருத்து, ஓட முடியாததெல்லாம் நிற்கின்றன. ஒன்றின் மேலும் ஒரு கீறல் இல்லை. நான் கிடாவின் பக்கத்தில் நின்றுகொண்டிருந்தேன். கழுத்தோடு அறுந்து விழுந்த மணி பனியில் கிடந்தது. அதை எடுத்தபோதுதான் எனக்கு உறைத்தது.

"ஹேயிக்கா, இங்க வா. செத்தது ஆறும் எது எதுன்னு சொல்லு."

அவன் சொல்லத் தொடங்கினான். நான்காவது பெயரில் நிறுத்தினான்.

"மணி போட்டது மட்டும்..." என்றான். "அண்ணி, நான்தான் சொல்லிக் குடுத்தேன். தினமும் ஒக்காத்தி வெச்சு நானே சொல்லிக் குடுத்திருக்கேன்."

அன்று மாலை விஷயம் தெரிந்தும் மிஹ்கல் மாமா சத்தம் போடவில்லை. தன் துப்பாக்கியை எடுத்து அவன் கையில் கொடுத்தார், அவ்வளவுதான். ஹேயிக்கா உலர்ந்த இறைச்சிப் பை ஒன்றை முதுகில் மாட்டிக்கொண்டு, நாக்கைச் சொடுக்கிக் கெத்கியைக் கூப்பிட்டான். அது துள்ளிக்கொண்டு அவன் பின்னால் போயிற்று. மேட்டைத் தாண்டி மறைந்தார்கள். வெகுநேரம் கழித்து ஒரு வெடிச் சத்தம் கேட்டது. என் கடைசி மகள் அழுதாள். நானும் அழுதேன்.

அவன் திரும்பி வந்தபோது தோல் கொண்டுவரவில்லை.

"உரிக்கலையா?" என்று கேட்டார் நீலாஸ்.

"மனசு வரல. பொதச்சிட்டேன்."

யாரும் அதற்குமேல் கேட்கவில்லை. யோவ்னாகூட வாயை மூடிக்கொண்டான். பையை வாங்கி வைக்கப் போன நான்தான் பார்த்தேன், அது காலியாக இருந்தது. நான்கு நாளைக்கு ஆகிற இறைச்சி. ஒரு சாயங்கால வேலைக்கு நான்கு நாள் இறைச்சியை எவன் தின்பான்?

பையைக் கையில் வைத்துக்கொண்டு அவனைப் பார்த்தேன். அவனும் என்னைப் பார்த்தான். "அண்ணி," என்றான். நான் பையைச் சுருட்டி வண்டியில் போட்டேன்.

நான் பொறுப்பு என்று சொன்னவள். அப்போதே எழுந்து மாமாவிடம் போயிருக்க வேண்டும். போயிருந்தால் அவனை அன்றே விரட்டியிருப்பார்கள். எழுபது மான்களோடு ஒற்றையாக அவன் பனியில் போவதை நினைத்தேன், கால் எழவில்லை. தூரமாகத்தானே விட்டிருப்பான், காடு பெரிதுதானே, எங்காவது தொலைந்துபோகும் என்று எனக்கு நானே சமாதானம் சொல்லிக்கொண்டேன். அடிப்பாவி, எவ்வளவு சுலபமாகச் சொல்லிக்கொண்டேன்!

மறுநாள் காலையில் ஆற்றங்கரையில் மூடுபனி. மிச்சம் இருந்த மணிமான்கள் இரண்டில் ஒன்று மிரண்டுபோய் நடக்கவே மறுத்தது. இனி இருந்தது ஒன்றே ஒன்றுதான். அதன் கழுத்துக் கயிற்றை நீலாஸ் தன் இடுப்பில் சுற்றிக் கட்டிக்கொண்டார். பனிக்கட்டியின் மேல் முன்னால் போகிறவர்கள் அப்படித்தான் கட்டுவார்கள், மான் மிரண்டு ஓடினாலும் கை விட்டுப் போகாது.

நான் ஓடிப்போய் அவர் கையைப் பிடித்தேன். "ஏங்க, அந்த மணிக்குள்ள கொஞ்சம் புல்லத் திணிச்சிருங்க. சத்தம் வேணாம்."

"பைத்தியமா ஒனக்கு? இந்த மூட்டத்துல மணி கேக்காம மந்த எப்பிடி வரும்?"

"வேணாங்க. எனக்கென்னவோ பயமா இருக்கு."

"என்ன பயம்?"

சொல்லியிருக்கலாம். சுற்றிலும் ஆட்கள் நின்றார்கள். யோவ்னா இரண்டடி தூரத்தில் கயிறு சுருட்டிக்கொண்டிருந்தான். "ஒண்ணுமில்ல, பாத்துப் போங்க," என்றேன். அவர் என் கன்னத்தைத் தட்டிவிட்டுப் போனார்.

மந்தை ஒழுங்காகத்தான் இறங்கியது. முன்னால் மணி, பின்னால் ஆயிரத்துச் சொச்சம் மான்கள். ஹேயிக்கா மந்தையின் வாலில் வந்தான். நான் பிள்ளைகளோடு கரையில் வண்டியில் இருந்தேன். நடு ஆற்றில் மூடுபனி கொஞ்சம் விலகியது. அப்போது வலது பக்கக் காட்டிலிருந்து அது வந்தது.

பதுங்கி வரவில்லை. சாப்பாட்டுக்குக் கூப்பிட்டால் பிள்ளை வருமே, அப்படிக் குதித்துக் குதித்து நேராக மணியைப் பார்த்து ஓடி வந்தது. நான் கத்தினேன். ஹேயிக்கா கத்தினான், 'திருட்டுப் பயலே' என்று அதைக் கூப்பிட்டான். அது காதில் வாங்கவே இல்லை. மணிமானின் முதுகில் ஏறியது. மான் அலறிச் சுழன்றது. முன்னே போனது நின்றதும் பின்னே வந்த மந்தை திரும்ப இடமில்லாமல், மிரண்ட மான்கள் எப்போதும் செய்வது போல, வட்டமாகச் சுற்றத் தொடங்கியது. வசந்தகாலப் பனிக்கட்டி நடப்பதற்குத் தாங்கும், ஒரே இடத்தில் இத்தனை பாரம் சுற்றினால் தாங்காது. பெரிய மரம் முறிகிற மாதிரி ஒரு சத்தம்.

நூற்று எண்பது மான்கள் போயின. இடுப்பில் கயிறு கட்டிய என் வீட்டுக்காரரும் போனார்.

கெத்கி செத்த மானை விட்டுவிட்டு, உடையாத பனியின் மேல் நனைந்த உடம்போடு ஹேயிக்காவிடம் வந்தது. அவன் மண்டியிட்டு உட்கார்ந்திருந்தான். அவன் கால்மாட்டில் வந்து உட்கார்ந்து அவன் முகத்தை அண்ணாந்து பார்த்தது. மிஹ்கல் மாமா அதை அங்கேயே சுட்டார்.

உடல் கிடைக்க இரண்டு நாள் ஆனது. மூன்றாம் நாள் மாமாவின் கூடாரத்தில் கூடினோம். யாரும் காபியைத் தொடவில்லை. ஹேயிக்கா வாசல் பக்கம் உட்கார்ந்திருந்தான், பத்து வயது கூடிப்போன மாதிரி இருந்தான்.

மாமா அவனை ஒன்றும் கேட்கவில்லை. என் பக்கம் திரும்பினார். "காரென், நீ பொறுப்புன்னு சொன்ன. இவன் அதச் சுடலைன்னு ஒனக்குத் தெரியுமா?"

என் மூன்று பிள்ளைகளும் என்மேல் சாய்ந்துகொண்டிருந்தார்கள். கூட்டத்தை விட்டால் எங்களுக்குப் போக்கிடம் இல்லை. நான் வாயைத் திறப்பதற்குள் ஹேயிக்கா பேசிவிட்டான்.

"அண்ணிக்கு என்ன தெரியும் மாமா? அவங்களையும் சேத்துத்தான் ஏமாத்தினேன்."

நான் அடுப்பைப் பார்த்துக்கொண்டிருந்தேன்.

அன்றைக்கே அவன் போய்விட்டான். தன் மான்களில் மிஞ்சியவற்றை என் பிள்ளைகளின் காதுக்குறிக்கு மாற்றிவிட்டு, ஒரு கம்பளியோடு நடந்து போனான். கடற்கரையில் ஒரு மீன் கொட்டகையில் பதினொரு வருஷம் மீன் குடல் எடுத்தான். வருஷா வருஷம் கோடையில் எங்கள் மந்தை அந்த ஊருக்கு அரை நாள் தூரத்தில்தான் மேயும். நான் ஒரு தடவைகூடப் போகவில்லை. அவன் செத்ததை மீன் வாங்கப் போன யோவ்னா வந்து சொன்னான். என் பிள்ளைகள் அந்த மான்களால்தான் ஆளானார்கள். சித்தப்பன்தான் அப்பாவைக் கொன்றான் என்று இன்றுவரை நினைத்துக்கொண்டிருக்கிறார்கள்.

மிஹ்கல் மாமாவும் போய்ச் சேர்ந்துவிட்டார். கேட்ட கேள்விக்கு அவருக்கு நான் பதில் சொல்லவே இல்லை. தெரியும், மாமா. எனக்குத் தெரியும்.